ஸ்பானர்கள் லீவில் இருந்த நாள்

புல்வெட்டும் வண்டியில் டயர் மாற்றுவது எப்படி என்று, தோட்ட வேலைக்குப் புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்களுக்காக எழுதித் தரச் சொல்லி உங்கள் புது இன்சார்ஜ் போன வாரம் எனக்கு போன் செய்தார். ஓய்வு பெற்ற பிறகும் என்னை நினைவு வைத்திருக்கிறாரே என்று ஒரு நிமிடம் மகிழ்ந்தேன். அடுத்த நிமிடமே, அதெல்லாம்தான் வண்டியோடு வந்த புத்தகத்தில் படம் போட்டு எழுதியிருக்கிறதே, என்னை எதற்குக் கேட்கிறார் என்று தோன்றியது. சாவியை எடுத்துவிடு, பிளக் வயரைக் கழற்று, மற்ற சக்கரங்களுக்கு முட்டுக் கொடு, எல்லாம் அதில் இருக்கிறது. எடுத்துப் படியுங்கள். சோம்பல் பார்க்காமல் இரண்டு முறை படியுங்கள். அந்தப் புத்தகத்தில் இல்லாத ஒன்றை மட்டும் நான் சொல்கிறேன்.

உங்களில் நாலைந்து பேர் தமிழ்க்காரர்கள் என்று கேள்விப்பட்டேன். அதனால் தமிழிலேயே எழுதுகிறேன், மற்றவர்களுக்கு டீ நேரத்தில் இந்தியில் சொல்லிவிடுங்கள். நான் கரோல் பாகில் பிறந்து புசா ரோடு தமிழ்ப் பள்ளியில் படித்தவள். என் தமிழில் எங்காவது டெல்லி எட்டிப் பார்த்தால் கண்டுகொள்ளாமல் போங்கள்.

நம் கல்லூரி வளாகத்தின் தோட்ட இயந்திரப் பிரிவில் நான் பொறுப்பாளராக இருந்த கடைசி வருடம் அது. உட்கார்ந்து ஓட்டும் பெரிய புல்வெட்டும் வண்டியை அதுவரை ஓட்டிக்கொண்டிருந்தவர் ஓய்வு பெற்றுப் போய்விட்டார். அவருடைய வேலையும் காலி, ஷெட்டை ஒட்டி அவர் குடியிருந்த ஒற்றை அறையும் காலி. வண்டியை யார் ஓட்டுகிறார்களோ அவர்களுக்குத்தான் அந்த அறை. இது உங்களுக்குத் தெரியும்.

அந்த வேலைக்கு தனம் பெயரை நான் எழுதிக் கொடுத்திருந்தேன். வளாகத்தின் பாதைகளைப் பல வருடம் பெருக்கியவள். ஓட்டுநர் லீவு போட்ட நாட்களில் அவரிடம் கேட்டுக் கேட்டு வண்டியை ஓட்டப் பழகியவள். அவர் ஓட்டினால் புல்வெளியின் ஓரங்களில் குடுமி நிற்கும், தனம் ஓட்டினால் நிற்காது. ஆனாலும் மேல் அலுவலகத்துக்குச் சந்தேகம். அதிகாரி நேரில் வந்து ஒரு முறை ஓட்டிக் காட்டச் சொல்லிப் பார்ப்பார், திருப்தி இல்லையென்றால் கான்ட்ராக்டர் ஆள் ஒருவரைப் போட்டுவிடுவார்கள் என்று முடிவாகியிருந்தது.

தனத்துக்கு அந்த வேலையைவிட அறைதான் பெரிது. அவள் வீடு ஜங்புராவில், தமிழர்கள் குடிசை போட்டிருந்த மதராசி கேம்பில் இருந்தது. அந்த வருடக் கோடையில் அங்கே குடிசைகளை அரசு இடித்தபோது அவள் வீடும் போயிற்று. ஊரின் ஒரு கோடியில் மாற்று வீடு கிடைத்தது. அங்கிருந்து பள்ளிக்கூடம் போய் வர முடியாது என்பதால், புசா ரோடு பள்ளியில் பதினொன்றாவது படிக்கும் மகள் தர்ஷினியை கரோல் பாகில் ஒரு உறவுக்காரர் வீட்டில் விட்டிருந்தாள். வேலை முடிந்து மகளைப் பார்க்கப் போனால் வீட்டுக்குத் திரும்ப பஸ் கிடைக்காது. ஆகவே அம்மாவும் பெண்ணும் ஞாயிற்றுக்கிழமை மட்டும் பார்த்துக்கொண்டார்கள். அந்த அறை கிடைத்தால் இரண்டு பேரும் ஒன்றாக இருக்கலாம். தனம் இதை யாரிடமும் சொல்லிப் புலம்பியதில்லை. ஆனால் அந்த அறையின் ஜன்னலில் நூலாம்படை தட்டியிருப்பதை ஒரு நாள் பார்த்தேன். யார் தட்டியது என்று நான் கேட்கவில்லை.

இப்போது ஆயுத பூஜைக்கு வருகிறேன். அது என்னோடுதான் நம் ஷெட்டுக்கு வந்தது. கருவிகளுக்கு இங்கே செய்கிற விஸ்வகர்மா பூஜை இப்போதுதானே முடிந்தது, மறுபடியும் எதற்கு என்று மாலிகளில், அதாவது தோட்டக்காரர்களில், மூத்தவரான ராம்தீன் முதல் வருடம் கேட்டார். சுண்டலும் பொரியும் சாப்பிட்ட பிறகு கேட்பதை நிறுத்திவிட்டார். முறை எளிது. ஸ்பானர், ஜாக்கி, சுத்தியல், டயர் நெம்பும் கம்பி எல்லாவற்றையும் துடைத்து, சந்தனம் குங்குமம் இட்டு, பலகையில் பரப்பிப் பூ வைப்போம். மறுநாள் விஜயதசமி காலைவரை அவற்றை யாரும் தொடக்கூடாது. வண்டிகளுக்கு மட்டும் விலக்கு உண்டு. சக்கரத்தின் அடியில் எலுமிச்சம்பழம் வைத்து நசுக்கி ஓட்டிவிட்டால் அவை அன்றைக்கே வேலை செய்யலாம். ஸ்பானருக்கு ஓய்வு, வண்டிக்குக் கிடையாதா என்று ராம்தீன் ஒரு தடவை வழக்காடினார். இதில் லாஜிக் பார்க்காதீர்கள் அண்ணா, இன்னும் கொஞ்சம் சுண்டல் எடுத்துக்கொள்ளுங்கள் என்றேன்.

அந்த வருடப் பூஜையை முழுக்க தனம்தான் செய்தாள். விடியற்காலையில் பூ மண்டிக்குப் போய் ஒரு மூட்டை கேந்தாப் பூ, நம் ஊர் செண்டுமல்லி, மாலை வாங்கி வந்திருந்தாள். பெரிய வண்டியின் நான்கு சக்கரங்களுக்கும் மாலை. நூலால் கட்டினால் வழுக்கி வழுக்கி விழுந்தது. ஷெட்டில் கிடந்த மெல்லிய கட்டுக்கம்பியை எடுத்து முறுக்கி நன்றாகக் கட்டிவிட்டாள். நானும் பக்கத்தில் நின்று, அழகாக இருக்கிறது என்று சொன்னேன். எலுமிச்சம்பழத்தை நசுக்கி, ஷெட்டுக்கு முன்னால் ஒரு சுற்றுச் சுற்றி வந்து நிறுத்தினாள்.

அந்த நேரத்தில்தான் அலுவலகத்திலிருந்து போன். தசரா கழிந்து வருவதாக இருந்த அதிகாரி நாளையிலிருந்து நீண்ட விடுப்பில் போகிறாராம், ஆகவே இன்று மத்தியானமே வந்து பார்த்துவிடுவாராம். வண்டி தயாராக இல்லாவிட்டால் கான்ட்ராக்டருக்கே கொடுத்துவிடலாம் என்று சொல்லியிருக்கிறாராம்.

போனை வைத்துவிட்டுத் திரும்பினால் தனம் வண்டியை விட்டு இறங்கி முன்னால் குனிந்து நிற்கிறாள்.

"ஸ்டீரிங் ஒரு பக்கமா இழுத்துச்சு மேடம்" என்றாள்.

இடது பக்க முன்சக்கரம் தட்டையாகத் தரையோடு படுத்திருந்தது. மாலை கட்டிய கம்பியின் முனை உள்பக்கம் மடங்கி, சக்கரம் உருண்டபோது டயரின் பக்கவாட்டில் ஏறியிருந்தது. ஓடும் பாகத்தில் ஓட்டை என்றால் அடைத்துவிடலாம். பக்கவாட்டில் கிழிந்தால் வேறு வழியில்லை, டயரையே மாற்ற வேண்டும்.

ஐந்தாறு மாலிகள் கூடிவிட்டார்கள். ஆளுக்கு ஒரு யோசனை, எல்லாம் ஜல்தி ஜல்தி என்று முடிகிற யோசனைகள். தனம் எதையும் கேட்கவில்லை. அந்தக் கம்பி முனையையே பார்த்துக்கொண்டிருந்தாள். "நான் கட்டுனதுதான்" என்று மட்டும் ஒரு தரம் சொன்னாள். அவள் கை நடுங்கியது.

புதிதாக வந்திருப்பவர்களே, இந்த இடத்தில் கொஞ்சம் நில்லுங்கள். டயர் மாற்றுவது பெரிய வித்தை இல்லை. நடுங்குகிற கையோடு மாற்றுவதுதான் கஷ்டம். அந்தக் கையை மேலும் நடுங்க வைக்காமல் பக்கத்தில் நிற்பது அதைவிடக் கஷ்டம். எனக்கு வாய் நீளம் என்பது வளாகம் முழுக்கத் தெரியும். கம்பியால் யாராவது கட்டுவார்களா என்ற கேள்வி நாக்கு நுனிவரை வந்துவிட்டது. பக்கத்தில் நின்று அழகாக இருக்கிறது என்று சொன்னவள் நான்தான் என்பதும் அப்போதே நினைவுக்கு வந்ததால் பிழைத்தேன்.

"அடுத்த வருஷம் மாலையை ஸ்டீரிங்ல போட்டுக்கலாம் தனம். இப்ப டயரைப் பாரு" என்றேன்.

அடுத்த வருடம் என்றதும் அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். நான் யோசித்துச் சொன்னதில்லை. ஆனால் அவள் கை நின்றது.

மாலிகளை டீ குடிக்க அனுப்பினேன். ஸ்டோரின் பரணில் புது முன்டயர் ஒன்று கிடக்கிறது என்று தெரியும், தேடி எடுத்து வந்தேன். பிறகு ஜாக்கியையும் ஸ்பானரையும் எடுக்கப் பூஜைப் பலகைக்குப் போனேன். தனம் குறுக்கே வந்தாள்.

"மேடம், அத எடுக்காதீங்க."

"ஆபீசர் வந்துட்டே இருக்கார் தனம். சாமி ஒண்ணும் கோவிச்சுக்காது. நான் சொல்லிக்கறேன்."

"கோவிச்சுக்கும்னு சொல்லலக்கா." வழக்கமாக மேடம் என்பாள், மனசு கலங்கினால் அக்கா ஆகிவிடுவாள். "எங்க வீட்டுல வருசா வருசம் அருவாமணையும் தையல் மிசினும் வச்சுக் கும்புடுவோம். இந்த வருசம் அதுவெல்லாம் எந்த மூட்டையில கெடக்குதுன்னே தெரியல. நான் சாமி கும்புட்டது இங்கதான். வச்சத, வச்ச எடத்துல ஒரு நாள் இருக்க விடணும்க்கா. அவ்ளோதான்."

எனக்கு முதலில் கோபம்தான் வந்தது. யாருக்காக இந்தப் பாடு படுகிறேன் என்கிற கோபம். அது அடங்கியதும் அவள் சொன்னது உள்ளே போயிற்று. வைத்ததை வைத்த இடத்தில் இருக்க விடாமல் போன வருடம் அது, அவளுக்கு.

அவசரம் வந்துவிட்டால் பக்கத்தில் இருப்பவருக்கு எது முக்கியமோ அதைத் தூக்கி ஓரமாக வைக்க நமக்கு உரிமை வந்துவிட்டதாக நினைத்துக்கொள்கிறோம். அவருடைய நன்மைக்குத்தான் செய்கிறோம் என்றும் சொல்லிக்கொள்கிறோம். அறையும் அவளுக்குத்தான், பூஜையும் அவளுக்குத்தான். இரண்டில் எதை விடலாம் என்று நான் முடிவு செய்ய முடியாது. எதையும் விடாமல் வேலை நடக்க வழி உண்டா என்று பார்ப்பதுதான் என் வேலை. அந்தச் சில நிமிடங்களில் நான் செய்த ஒரே உருப்படியான காரியம் பலகையை விட்டு நகர்ந்ததுதான்.

பின் வாசலுக்கு வெளியே பஞ்சர் கடை வைத்திருந்த ரயீஸ் பாயிடம் ஓடினேன். எங்கள் சாமான் எல்லாம் இன்று பூஜையில் இருக்கிறது என்று இந்தியில் மூச்சு வாங்கச் சொன்னேன். "எங்க சாமானுக்கு இன்னைக்கு டியூட்டிதான் மேடம், எடுத்துட்டுப் போங்க" என்கிற மாதிரி அவர் சிரித்துக்கொண்டே பதில் சொன்னார். ஸ்பானர் கொடுத்தார், ஜாக்கி மட்டும் இல்லை, யாரோ ஆட்டோக்காரர் வாங்கிப் போயிருந்தார். பரவாயில்லை என்று திரும்பி வந்து மாலிகளை டீக்கடையிலிருந்து கூப்பிட்டேன். நாலு பேர் முன்பக்கத்தைத் தூக்க, அடியில் செங்கல் அடுக்கினோம். அடுக்கி முடிக்கும்வரை தனத்தைக் கிட்டே விடவில்லை. ஆள் பிடித்திருக்கிறான் என்று நம்பி வண்டிக்கடியில் கை நீட்டாதீர்கள், ஆளுக்குத் தும்மல் வரும். செங்கல்லுக்கு வராது.

தனம் சக்கரத்தைக் கழற்றினாள். அதை உருட்டிக்கொண்டு, புது டயரையும் தூக்கிக்கொண்டு நாங்கள் இருவரும் வாசலை நோக்கி நடக்கும்போது அதிகாரியின் ஜீப் உள்ளே வந்தது. சொன்ன நேரத்துக்கு முன்பே வந்துவிட்டார்.

இறங்கியவர் செங்கல் மேல் நிற்கும் வண்டியைப் பார்த்தார், எங்கள் கையில் இருந்த சக்கரத்தைப் பார்த்தார், கைக்கடிகாரத்தைப் பார்த்தார். நான் வணக்கம் சொல்லி, இன்று பூஜை, பிரசாதம் சாப்பிடுங்கள், அதற்குள் வந்துவிடுகிறோம் என்றேன்.

"டீக் ஹை, சரி" என்றார் அவர். "சாப்பிட்டு முடிக்கிறவரை இருக்கிறேன். அதற்கு மேல் முடியாது."

ராம்தீனிடம் கண்ணைக் காட்டிவிட்டு நடந்தேன். சுண்டல் ஷெட்டில் நிறைய இருந்தது, ராம்தீனுக்கு மூளையும் இருந்தது.

ரயீஸ் பாய் கடையில் பழைய டயர் சுலபமாகக் கழன்றது. புது டயர் ஏறியது, ஆனால் காற்று நிற்கவில்லை. பரணில் நசுங்கிக் கிடந்ததால் அதன் இரண்டு ஓரங்களும் உள்வாங்கியிருந்தன. டியூப் இல்லாத ரகம் அது, அடிக்கிற காற்றெல்லாம் ரிம் ஓரத்தில் புஸ்ஸென்று வெளியே போயிற்று. பார்த்துக்கொண்டிருந்த ஆட்டோக்காரர் ஒருவர் சுத்தியலால் போடு என்றார். தனம் இரண்டாவது முறை முயன்றாள், மூன்றாவது முறையும். நான் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லாமல் இருக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

தனம் பம்பை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் டயரையே பார்த்தாள். பிறகு ரயீஸ் பாயிடம் ஒரு கயிறு கேட்டாள். டயரைச் சுற்றி நடுவில் கயிற்றைக் கட்டி, குச்சி ஒன்றைச் செருகி முறுக்கினாள். நடுவில் இறுக இறுக ஓரங்கள் விரிந்து ரிம்மைத் தொட்டன. "இப்ப அடிங்க பாய்" என்றாள். காற்று உள்ளே நின்றது. உடனே கயிற்றைத் தளர்த்தினாள், டயர் டப்பென்று தன் இடத்தில் உட்கார்ந்தது. அவள் சிரிக்கவில்லை, சக்கரத்தைத் தூக்கிக்கொண்டு ஓடினாள். நான் பின்னால் ஓடினேன். என் வயதுக்கு அது ஓட்டம்தான்.

ஷெட்டில் அதிகாரி ஷூவைக் கழற்றி வாசலில் வைத்துவிட்டுப் பூஜைப் பலகைக்கு எதிரே ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். ராம்தீன் மூன்றாவது கிண்ணத்தை அவர் கையில் திணித்துக்கொண்டிருந்தார். வேண்டாம் என்று சொல்ல அவருக்கு இடமே கொடுக்கவில்லை போலிருக்கிறது.

தனம் சக்கரத்தை மாட்டினாள். அதிகாரி எழுந்து பக்கத்தில் வந்தார். பலகையில் இருந்த ஸ்பானர்களைக் காட்டி, இவ்வளவு சாமானை வைத்துக்கொண்டு வாசலுக்கு ஏன் ஓடினீர்கள் என்று என்னிடம் இந்தியில் கேட்டார்.

"இவை எல்லாம் இன்று லீவு சார்" என்றேன்.

அவர் சிரித்தாரா என்று சொல்ல முடியாது, மீசை கொஞ்சம் அசைந்தது. தனத்தின் பக்கம் திரும்பினார். டயர் எதனால் போயிற்று என்று கேட்டார்.

நம் வளாகம் ரிட்ஜ் காட்டை ஒட்டியது. எங்கு பார்த்தாலும் கீக்கர் என்கிற கருவேல முள். முள் குத்திவிட்டது என்று சொன்னால் யாரும் மறு கேள்வி கேட்க மாட்டார்கள். என் வாய் அதைச் சொல்லத் தயாராகவே இருந்தது. தனம் முந்திக்கொண்டாள். தன் உடைந்த இந்தியில், மாலையைக் கம்பியால் கட்டினேன் சாப், அந்தக் கம்பி குத்திவிட்டது, கட்டியது நான்தான் என்றாள்.

நான் ராம்தீனைப் பார்த்தேன், ராம்தீன் சுண்டலைப் பார்த்தார்.

அதிகாரி குனிந்து புதுச் சக்கரத்தைப் பார்த்தார். பிறகு வண்டியைச் சுற்றி நடந்தார். மற்ற மூன்று சக்கரங்களிலும் மாலை இல்லை, கம்பியும் இல்லை. அவற்றை எடுத்தது யார் என்று கேட்டார்.

"நான்தான் சாப். மேடம் டயர் தேடப் போனப்பவே எடுத்துட்டேன்" என்றாள் தனம். மூன்று மாலைகளும் ஷெட்டின் ஓரத்தில் ஒரு வாளி மேல் பத்திரமாகக் கிடந்தன. எடுத்த கம்பித் துண்டுகளை ஒரு டப்பாவில் போட்டு மூடி வைத்திருந்தாள்.

எனக்கு அது தோன்றவே இல்லை, நான் டயரைத் தேடிப் பரணில் ஏறிக்கொண்டிருந்தேன். கை நடுங்கிய அந்த நேரத்தில், தன் தப்பு என்று மனசு அடித்துக்கொண்ட அந்த நேரத்தில், மற்ற மூன்று சக்கரங்களையும் நினைத்திருக்கிறாள். எனக்கு அவளைக் கட்டிக்கொள்ள வேண்டும் போலிருந்தது. அதிகாரி இருந்ததால் செங்கல்லை எண்ணுவது மாதிரி குனிந்துகொண்டேன்.

பிறகு அவள் முன்புல்வெளியில் ஓட்டிக் காட்டினாள். அதைப் பற்றி எழுத ஒன்றும் இல்லை, எப்போதும் போல ஓட்டினாள். அதிகாரி பாதியிலேயே போய் ஷூவை மாட்டிக்கொண்டார். "டீக் ஹை" என்று என்னிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு ஜீப்பில் ஏறினார்.

தனம் வண்டியை நிறுத்திவிட்டு ஓடி வந்தாள். "என்னாக்கா சொன்னாரு?"

"டீக் ஹைன்னார்."

"அப்படின்னா வேலை கெடைக்குமாக்கா?"

"எனக்கும் தெரியல தனம்" என்றேன். உண்மையிலேயே தெரியவில்லை. இரண்டு பேரும் வாசல்படியில் உட்கார்ந்து மிச்சப் பொரியைத் தின்றோம்.

தீபாவளி கழிந்து உத்தரவு வந்தது. வேலை தனத்துக்கு, அறையும் தனத்துக்கு.

இவ்வளவையும் எதற்குச் சொல்கிறேன் என்று உங்களில் துடுக்கான யாராவது கேட்கலாம். வண்டி நின்றுபோகும்போது எல்லோரும் வண்டியையே பார்ப்பார்கள். அதன் பக்கத்தில் நிற்கிற ஆளுக்கு அன்றைக்கு என்ன போய்விடும் என்று நீங்களாவது பாருங்கள். தெரிந்துகொண்டால் உங்கள் வாய் தானாகவே கொஞ்சம் அடங்கும். எனக்கே அடங்கியது என்றால் உங்களுக்கு அடங்காதா.

நான் ஓய்வு பெறுவதற்கு முந்தைய வாரம், ஒரு நாள் காலையில் சீக்கிரமே வந்துவிட்டேன். பனி இன்னும் விலகவில்லை. புல்வெளியின் அந்தக் கோடியில் வண்டிச் சத்தம் மட்டும் கேட்டது. ஷெட்டை ஒட்டிய அறை வாசலில் தர்ஷினி பள்ளிச் சீருடையில், தலையை விரித்துப் போட்டுக்கொண்டு, சீப்பும் ரிப்பனுமாக உட்கார்ந்திருந்தாள்.

"ஸ்கூலுக்கு நேரமாகலையா?" என்று கேட்டேன்.

"அம்மா இந்த ரவுண்டு முடிச்சுட்டு வந்து ஜடை பின்னி விடுவாங்க ஆன்ட்டி."

"இத்தனை மாசமும் நீயேதானே பின்னிட்டுப் போன. உனக்குப் பின்னத் தெரியுமே?"

"நல்லாவே தெரியும் ஆன்ட்டி" என்றாள். சீப்பை மடியில் வைத்துக்கொண்டு, வண்டிச் சத்தம் வரும் பக்கமாகத் திரும்பி உட்கார்ந்துகொண்டாள்.